ஹொனோரே வீட்டு மேற்குச் சுவர்

முப்பத்தேழு வீடுகள். கனடாவின் கடலோர ஊரான மேற்கு பப்னிக்கோ முழுக்க ஒதில் சுரெட் இதுவரை எண்ணெய் பூசிய தேவதாருச் சுவர்களின் கணக்கு அது. மீன் செதில்போல அடுக்கி அடித்த மெல்லிய மர ஓடுகள்; ஆறேழு வருடத்துக்கு ஒருமுறை எண்ணெய் காட்டாவிட்டால் கடற்காற்றில் வெடித்துவிடும். முப்பத்தெட்டாவதாக ஒதில் எதிர்பார்த்தது ஊர்த் தேவாலயத்தை. கிடைத்தால் இரண்டு கோடைக்கு வேலை. முடிவுசெய்யும் குழுவுக்குத் தலைவர் ஹொனோரே அமீரோ.

ஜூலை இரண்டாம் வாரம் ஹொனோரேயே கூப்பிட்டனுப்பினார். படகு கழுவும் அழுத்தக் குழாயாலேயே வீட்டின் மேற்குச் சுவரையும் முந்தின நாள் அடித்துக் கழுவியிருந்தார். பாசி போய் மரம் பளிச்சென்று இருந்தது. சனிக்கிழமை ஆல்பர்ட்டாவிலிருந்து மகன் வருகிறான். அதற்குள் எண்ணெய் பூசிவிட வேண்டும்.

ஒதில் ஓர் ஓட்டின் கீழ் விளிம்பில் நகத்தை அழுத்தினார். நீர் கசிந்தது.

"ரெண்டு வாரம் காயணும், அண்ணே."

"வெயிலு மண்டையப் பொளக்குது, இவ காயணுங்கிறா!"

"மேலதான் காஞ்சிருக்கு. உள்ள தண்ணி நிக்குது. இப்பப் பூசுனா எண்ணெய் இறங்காது, பிசுபிசுன்னு மேலயே கெடக்கும்."

"அம்பது வருசம் கடல்ல கெடந்தவனுக்கு ஈரத்தப் பத்திப் பாடம் நடத்துறியா?"

"கடல்ல கெடந்தது நீங்க. இங்க கெடந்தது சுவரு."

ஹொனோரே சிரிக்கவில்லை. "கோயில் வேலைய மனசுல வச்சுப் பேசு, ஒதில்."

"வச்சுக்கிட்டுத்தான் பேசுறேன்."

தூரிகை வாளியை எடுத்துக்கொண்டு ஒதில் வண்டிக்குத் திரும்பினார்.

அன்று மாலையே ஹொனோரே தன் கையாலேயே பூசினார். மறுநாளிலிருந்து இரண்டு நாள் மூடுபனி விலகவில்லை. சனிக்கிழமை மகன் வந்திறங்கியபோது சுவர் பிசினாக நின்றது. கொசுக்களும் பாப்லர் மரத்துப் பஞ்சும் அதில் அப்பிக் கிடந்தன.

"என்னப்பா, சுவருக்குத் தாடி மொளச்சிருக்கு?"

"பயணத்துல வாய் வலிக்கலியா உனக்கு? உள்ள வா, சோறு ஆறுது."

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து குழு கூடியது. தேவாலய வேலை பக்கத்து நகரமான யார்மத்தின் கம்பெனி ஒன்றுக்குப் போனது. தீர்மானத்தில் ஹொனோரேதான் முதலில் கையெழுத்திட்டார்.

செவ்வாய்க்கிழமை அவர் ஒதில் வீட்டு வாசலில் நின்றார்.

"சொரண்டிப் பாத்தேன். வர மாட்டேங்குது."

"வராது. பிரிச்சு எடுத்துட்டுப் புதுசு அடிக்கணும். அடிக்கிறதுக்கு முன்னாடி ஒவ்வொரு ஓட்டையும் எண்ணெயில முக்கிக் காயவைக்கணும்."

"யார்மத்துக்காரனக் கேட்டேன். அடுத்த வருசம்ங்கிறான்."

"அவனுக்குத்தான் கோயில் வேல இருக்கே."

ஹொனோரே தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "நீ எப்ப வருவே?"

"வியாழக்கிழம."

வியாழன் காலை ஏழு மணிக்கு ஒதில் ஏணி வைத்து, மேற்குச் சுவரின் மேல் வரிசையிலிருந்து ஓடுகளைப் பெயர்க்கத் தொடங்குகிறார்.