வாசலில் அவர் சொன்னது

என் கணவர் கணபதி ஏரியாவில் மோட்டாருக்குச் செம்புக்கம்பிக் காயில் கட்டும் கடை வைத்திருந்தார். போன வருஷம் ஒரு நாள் காலையில் போர்வை வாங்கச் சென்னிமலைக்குக் கிளம்பினார். பெருந்துறை போய்ச் சேர்வதற்குள் பஸ்ஸிலேயே நெஞ்சுவலி வந்து இறந்துபோனார்.

அவர் கிளம்பும்போது நான் சட்னிக்கு மிக்ஸி ஓட்டிக்கொண்டிருந்தேன். வாசலில் நின்று என்னவோ சொன்னார். நானும் என்னவோ சொன்னேன்.

துக்கம் கேட்க வந்தவர்கள் எல்லோரும், கடைசியாக என்ன சொல்லிவிட்டுப் போனார் என்றுதான் கேட்டார்கள். போயிட்டு வாரேன் என்றார் என்று சொன்னேன். வழக்கமாக அப்படித்தான் சொல்வார். அவருடைய அக்காவுக்கு அது போதவில்லை.

"பத்திரமா இரு அம்மணின்னு சொல்லியிருப்பான். உனக்குத்தான் ஞாபகமில்ல" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

அடுத்து வந்தவர்களிடம் நானும் அதையே சொன்னேன். சொல்லச் சொல்ல அது என் கணவர் குரலிலேயே கேட்க ஆரம்பித்தது. அதைப் பிடித்துக்கொண்டுதான் அதற்குப் பிறகான நாட்களை ஓட்டினேன்.

வருஷத் திதிக்கு முந்தின நாள் மகளிடம் அதைச் சொல்லிக் கண் கலங்கினேன். அவர் இறந்த அன்று காலையில் அவள் கூடத்தில் காலேஜுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவள்.

"அப்பா அப்படிச் சொல்லலீங்கம்மா. கண்ணாடி எங்கேன்னு கேட்டாரு. நீங்க மிக்ஸிய நிறுத்தவே இல்ல."

என் முகத்தைப் பார்த்துவிட்டு, தனக்கும் சரியாகத் தெரியவில்லை, அது வேறு நாளாகவும் இருக்கலாம் என்றாள்.

ஆஸ்பத்திரியில் கொடுத்த பொருள்களில் அவருடைய மூக்குக்கண்ணாடி இருந்ததா என்று யோசித்தேன். அதுவும் நினைவில்லை. பெண் பார்க்க வந்த அன்று பேசியது, மகள் பிறந்தபோது சொன்னது, கடையை மாற்றுவது பற்றி வாரக்கணக்கில் போட்ட சண்டை என்று ஒவ்வொன்றாகத் தேடினேன். முகம் தெரிகிறது, சட்டை நிறம்கூடத் தெரிகிறது. வார்த்தைகள் எல்லாம் நானே போட்டுக்கொண்டவை மாதிரி இருந்தன. இத்தனை வருஷம் கூட இருந்த மனுஷன் பேசியதில் ஒரு வாக்கியத்தைக்கூட இதுதான் என்று அடித்துச் சொல்ல என்னால் முடியவில்லை.

திதியன்று காரமடையிலிருந்து வந்த சித்தி மறுபடியும் அதையே கேட்டார்.

"தெரியலீங்க சித்தி" என்றேன்.

என் கணவரின் அக்கா குறுக்கே வந்து, பத்திரமா இரு அம்மணி என்று சொல்லிவிட்டுத்தான் போனான் என்றார். கூடியிருந்தவர்கள் எல்லோரும் அழுதார்கள். நான் இலை போட எழுந்து போனேன்.