நான் வெட்டிய மூச்சு

இது நடந்தது. பேய்ப் படங்களுக்குப் பின்னணி இசை போட்டுத்தான் எனக்குச் சோறு. எந்த இடத்தில் சத்தத்தை நிறுத்தினால் உங்களுக்கு வியர்க்கும் என்று தெரியும். அந்த வித்தை எதையும் இங்கே காட்டவில்லை. போன மார்ச், ஒரு செவ்வாய்க்கிழமை. பட்டப்பகல்.

பெங்களூர் தொம்மலூரில் என் ஸ்டுடியோ. டிரம்பெட் க்ளென் பத்து நாள் முன்பு வந்து வாசித்துவிட்டுப் போயிருந்தார். நெஞ்சு நிறையச் சளி. இரண்டு வரி ஊதுவார், குழலுக்குள் சேர்ந்த எச்சிலை என் தரையில் வடிய விடுவார். டிரம்பெட் ஊதுகிற எல்லாரும் செய்வதுதான். ஆனாலும் எனக்குக் குமட்டியது. அவர் போனதும் பினாயில் ஊற்றி இரண்டு முறை துடைத்தேன்.

வாசிப்புக்கு நடுவே மூச்சு இழுக்கும் சத்தத்தைக் கம்ப்யூட்டரில் வெட்டி எடுப்பது எங்கள் வழக்கம். எல்லாவற்றையும் வெட்டியாகிவிட்டது. கடைசி வரிக்கு முன்னால் ஒன்றே ஒன்று பாக்கி. கொழகொழவென்று சளியில் புரண்டு வரும் மூச்சு. சீ.

அனுப்பியிருந்ததைக் கேட்டுவிட்டு டைரக்டர் ஹரிஷ்குமார் போன் செய்தார்.

“அந்த மூச்சை எடுத்துடு குரு. ஆறு மணிக்கு மிக்ஸிங்.”

“க்ளெனையே திரும்ப வாசிக்கச் சொல்லலாமா?”

“அவரு ஆஸ்பத்திரில இருக்காரு. நேத்துதான் அட்மிட் பண்ணாங்க. நீயே வெட்டு.”

3.40. வெட்டினேன். ஓட்டிப் பார்த்தேன். சுத்தம்.

3.42. இன்னொரு முறை ஓட்டினேன். மூச்சு இருந்தது... முன்பைவிட ஈரமாக.

சேவ் ஆகவில்லை போலும். 3.51க்கு மறுபடி வெட்டினேன். சேவ் செய்தேன்.

3.54. கர்ர்ர்... களக்.

திரும்பி வந்துவிட்டது.

டிரம்பெட் டிராக்கையே மியூட் செய்தேன். அப்போதும் கேட்டது.

ஹெட்போனைக் கழற்றினேன். காதெல்லாம் ஈரம். தொட்டு முகர்ந்தேன். பித்தளை வாடை... பழைய எச்சில்.

பயத்தைவிட அருவருப்புதான் அதிகம். ஒரிஜினல், காப்பி, எல்லாவற்றிலும் அந்த மூச்சைத் தேடித் தேடி அழித்தேன்.

“ஒழிஞ்சு தொலை.”

4.09.

ஓட்டினேன்.

அமைதி...

சோப்புப் போட்டு நான்கு முறை கை கழுவினேன். ஐந்தரைக்கு ஃபைலை அனுப்பினேன்.

மறுநாள் காலை செய்தி வந்தது. க்ளென் இறந்துவிட்டார். வீட்டுக்குப் போனேன். அவர் மனைவி சொர்ணம் ஆஸ்பத்திரியில் கொடுத்த காகிதத்தை என்னிடம் நீட்டினார்.

“இங்கிலீஷ்ல இருக்கு சார். கொஞ்சம் படிச்சுச் சொல்றீங்களா?”

படித்தேன்.

“நேத்து 3.40க்கு மூச்சு நின்னிருக்குக்கா. 3.42க்கு டாக்டருங்க திரும்ப வரவெச்சிருக்காங்க. 3.51க்கு மறுபடி நின்னிருக்கு. 3.54க்கு வந்திருக்கு. அப்புறம் 4.09...”

என் குரலே எனக்கு அருவருப்பாக இருந்தது.

“அதுக்கு அப்புறம் என்ன சார் எழுதியிருக்கு?”

“ஒண்ணும் எழுதலக்கா.”