மச்சில் இருக்கும் ஆளுக்கு ஒரு வட்டில்

எங்கள் வீட்டில் கழுவிய சோற்று வட்டிலை யாரும் ஈரத்தோடு வைக்க மாட்டோம். துணியால் துடைத்து, கவிழ்த்துத்தான் அடுக்குவோம். கல்யாணமாகிப் போன வீட்டிலும் எனக்கு அந்தக் கைப்பழக்கம் போகவில்லை. "வெள்ளி வட்டிலா என்ன, இந்தத் தேய் தேய்க்கா?" என்று மாமியார் கேலி செய்வாள். சுத்தமும் இல்லை, மண்ணாங்கட்டியும் இல்லை. போலீஸ் பயம்.

அப்பா முக்கூடலில் பீடி சுற்றுகிறவர்களுக்குச் சங்கம் கட்டியவர். நெருக்கடி நிலைக் காலத்தில் அவரைப் பிடிக்க வந்தார்கள். வடக்கே ஓடிவிட்டார் என்று ஊர் பேசிக்கொண்டது. அவர் எங்கள் வீட்டிலேயே, ஓட்டுக்குக் கீழே பலகை போட்ட மச்சில் இருந்தார். நம்புகிறவர்கள் நம்பலாம். தேடுகிறவன் சொந்த வீட்டைத் திரும்பத் திரும்பப் பார்க்க மாட்டான் என்று கட்சியில் யாரோ சொல்லியிருக்கிறார்கள். ஆனாலும் போலீஸ்காரர்கள் வந்தார்கள். வந்தால் நேரே கொல்லைக்குப் போய் ஈர வட்டிலை எண்ணுவார்கள். அம்மாவும் நானும் என்றால் இரண்டுதான் ஈரமாக இருக்க வேண்டும். மூன்றாவதை அப்பா மச்சிலேயே வழித்துத் துடைத்துக் கவிழ்த்து வைத்துவிடுவார். மேலே இருக்கும் ஆள் வாய் திறக்கக் கூடாது. சாப்பிட்டாயிற்று என்பதற்குப் பலகையில் விரலால் ஒரு தட்டு, அவ்வளவுதான்.

சங்கத்துக்காரன் பெண்டாட்டிக்குப் பீடி சுற்ற இலையும் தூளும் கிடையாது என்று ஏஜெண்டு அம்மாவைத் திருப்பி அனுப்பினான். பள்ளிக்கூடத்தில் என் பக்கத்தில் உட்காரக் கூடாது என்று பிள்ளைகளுக்கு வீட்டில் சொல்லிவிட்டிருந்தார்கள். கம்யூனிஸ்ட் வீட்டில் தண்ணீர் குடித்தால் சாமி கண்ணைக் குத்துமாம். சாமி எங்கள் கண்ணை ஏன் விட்டுவைத்தது என்று ஒருத்திக்கும் கேட்கத் தோன்றவில்லை.

எனக்குத் தலை பின்னும்போதெல்லாம் அம்மா ஒரு வாக்கியத்தைப் பழக்கினாள். ஒருநாள் ஒரு போலீஸ்காரர் என் முன்னால் குந்தி, ஆரஞ்சு மிட்டாயை நீட்டி, "ஒங்க அப்பா எங்கனளா இருக்காரு?" என்று கேட்டார்.

"எனக்கு அப்பா கிடையாது" என்றேன்.

"செத்துட்டாரா?"

அதற்குப் பதில் பழக்கியிருக்கவில்லை. மறுபடியும், "எனக்கு அப்பா கிடையாது" என்றேன். மேலே ஒரு பலகைகூட அசையவில்லை.

அந்த வீட்டில்தான் இப்போதும் இருக்கிறேன். அம்மா போய்ச் சேர்ந்துவிட்டாள். என் வீட்டுக்காரரும் போனபிறகு, தையல் மிஷினைத் தூக்கிக்கொண்டு அப்பாவிடமே வந்துவிட்டேன். அவருக்கு எண்பது தாண்டிவிட்டது. போன மழைக்காலத்தில் ஒரு காலை காபியை வாங்கிக்கொண்டு, "நீங்க யாரு தாயி?" என்று கேட்டார். விளையாடுகிறார் என்று நினைத்தேன். அதற்குப் பிறகு தினமும் அதே கேள்வி. டாக்டர் மூளை சுருங்குகிறது என்றார். சுருங்கட்டும். ஆனால் பெற்ற மகளைப் போய் நீங்க வாங்க என்றால் வயிறு எரியாதா? எனக்கு எரிந்தது. உலையோடும் அவரோடும் சேர்த்துச் சண்டை போட்டேன். அவர் விருந்துக்கு வந்த வீட்டில் இருப்பவர் போலச் சங்கடமாகச் சிரித்தார்.

மஸ்கட்டில் என் மகளுக்கு ஏழாம் மாதம். பிரசவத்துக்கு வா அம்மா என்று தினமும் போனில் அழுதாள். சித்தி மகன் அப்பாவைப் பார்த்துக்கொள்வதாகச் சொன்னான். யார் சோறு போட்டால் என்ன, அவருக்கு எல்லோரும் ஒன்றுதானே என்று பாஸ்போர்ட்டுக்கு எழுதிப்போட்டேன். மனதுக்குள் ஒன்று மட்டும் முடிந்து வைத்திருந்தேன். கிளம்புவதற்குள் ஒரே ஒரு தடவை அவர் என்னை மகள் என்று சொல்லிவிட்டால் போகப்போவதில்லை.

அந்த நாட்களில்தான் அது ஆரம்பித்தது. மத்தியானம் சோறு வைத்தால் பாதியை ஒதுக்கிவிட்டு, "மேல ஆள் இருக்கு. கொண்டு வச்சிருங்க" என்பார்.

"மேல யாருப்பா இருக்கா?"

"பேரு கேக்காதீங்க."

வாதாட எனக்குத் தெம்பில்லை. இன்னொரு வட்டிலில் போட்டு, ஏணியில் ஏறிக் கைக்கு எட்டும் மச்சு விளிம்பில் வைத்துவிட்டு இறங்கினேன். சாயங்காலம் எடுக்கப்போனால் சோறு இல்லை. எலி என்றுதான் நினைத்தேன். வட்டில் கவிழ்ந்து கிடந்தது. தொட்டுப் பார்த்தேன். பருக்கை ஒன்று இல்லை, பிசுக்கு இல்லை, காய்ந்து சுத்தமாக இருந்தது. மறுநாளும் அப்படியே. எந்த எலி வட்டிலைத் துடைத்துக் கவிழ்க்கும்? அப்பாவுக்கு முட்டி மடங்காது. ஏணியின் இரண்டாம் படியில் கால் வைக்க மாட்டார். வாசலும் கொல்லையும் நான்தான் தாழ் போடுகிறேன்.

உச்சி வெயிலில் தெருவே அடங்கிக் கிடக்கும். மிஷினை நிறுத்திவிட்டுக் கேட்பேன். ஒரே பக்கமாக உட்கார்ந்து கால் மரத்த ஆள் மறுபக்கம் சாய்ந்தால் எப்படி இருக்கும், அப்படி மேலே பலகை ஒருமுறை முனகும். பிறகு ஒன்றும் இருக்காது. அப்பா மேலே பார்த்துவிட்டுத் திருப்தியாகக் கண்ணை மூடிக்கொள்வார். நான் கம்யூனிஸ்ட் வீட்டுப் பிள்ளை. பேய்க்குப் பயந்தேன் என்றால் செத்துப்போன அம்மாவே சிரிப்பாள். பயமாகத்தான் இருந்தது. வட்டிலை வைத்ததும் முதுகைக் காட்டாமல் பின்பக்கமாகவே ஏணியிலிருந்து இறங்கினேன்.

பாஸ்போர்ட் விசாரணைக்குப் போலீஸ்காரர் வந்தது அப்படி ஒரு மத்தியானம். சின்ன வயதுக்காரர், ஹெல்மெட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்தார். ஆதாரை வாங்கிப் பார்த்தார். சுவரில் சங்கக் கொடிக்குக் கீழே அப்பா நிற்கும் படத்தையும் பார்த்தார்.

"ஐயா செவப்புக் கட்சியோ? அந்தக் காலத்துல உங்களையெல்லாம் தேடித் தேடிப் பிடிச்சாகளாம்லா" என்று சும்மா சிரித்தார். அப்பா சிரிக்கவில்லை. காக்கிச் சட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பெரியவரே, இவுக உங்க மகதான?"

நான் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டேன். ஆமா என்று ஒரு வார்த்தை. அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை நான்.

அப்பா கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்தார். மேடையில் பேசுவாரே, அந்தக் குரல் வந்தது. "எனக்கு மக கிடையாது."

"அப்ப இவுக யாரு, சொந்தமா?"

"எனக்கு மக கிடையாது."

போலீஸ்காரர் பாவப்பட்டுப்போனார். "வயசாயிட்டுல்லாக்கா. அக்கம்பக்கத்துல ரெண்டு பேருட்ட கேட்டு எழுதிக்கிடுதேன். நீங்க வெசனப்படாதீங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

நான் வெசனப்படவில்லை. எரிந்துகொண்டிருந்தேன். சரி, தீர்ந்தது, டிக்கெட் போடச் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். பைக் சத்தம் ஆற்றுப் பக்கம் திரும்பி மறைகிற வரைக்கும் அப்பா காது கொடுத்துக் கேட்டார். பிறகு என் முந்தானையைப் பிடித்து இழுத்தார்.

"போயிட்டானா?"

"போயிட்டான்."

"தாயி, நீங்க நல்லவுக மாதிரி தெரியுது. வெளிய சொல்லிராதீக." மச்சைக் கண்ணால் காட்டினார். "மேல இருக்கது எம் மவ. சின்னப் பிள்ள. போன தடவ போலீஸ் வந்து அவளக் கேட்டுட்டான். அப்பா கிடையாதுன்னு சொன்னா. நான் மேல இருந்து கேட்டுக்கிட்டுத்தான் கெடந்தேன். கொரலு நடுங்குச்சு பிள்ளைக்கு. எறங்கி வந்து தூக்க முடியல." கொஞ்சம் மூச்சு வாங்கினார். "அதான் இந்தத் தடவ அவள மேல ஏத்திட்டேன். பதில நானே சொல்லிக்கிட்டேன்."

அவர் ஒதுக்கிய சோற்றை வட்டிலில் போட்டு, ஒரு கிண்ணத்தில் ரசமும் எடுத்தேன்.

"சோறு ஆறிரும். பைய ஏறிக் குடுங்க" என்றார்.

வட்டிலோடு ஏறினேன். அதுவரை விளிம்போடு நின்றவள், அன்று உள்ளே போனேன். அம்மாவின் பீடி முறம், உளுத்துப்போன கொடிக் கம்புகள், எல்லாவற்றின் மேலும் விரற்கடைத் தூசி. சுவரோரம் ஓர் இடத்தில் மட்டும் தூசி இல்லை. ஒரு சின்னப் பிள்ளை காலை மடக்கி உட்காரும் அளவுக்குப் பலகை துடைத்தது போல இருந்தது.

எனக்கு அந்த இடம் போதவில்லை. முழங்காலைக் கட்டி, உடம்பை ஒடுக்கி, அதற்குள்ளேயே உட்கார்ந்தேன். பலகை சூடாக இருந்தது. வெயில்பட்ட ஓட்டின் கீழ் அப்படித்தான் இருக்கும் என்று சொல்லிக்கொண்டேன். ரசத்தை ஊற்றிப் பிசைந்து அத்தனையும் சாப்பிட்டேன். முந்தானையால் வட்டிலைத் துடைத்துக் கவிழ்த்தேன். மஸ்கட்டுக்கு இனி யார் போவது?

"சாப்ட்டியாம்மா?" என்று கீழேயிருந்து அப்பா கேட்டார்.

மேலே இருக்கிறவள் வாய் திறக்கக் கூடாது. பலகையில் விரலால் ஒரு தட்டுத் தட்டினேன்.