லீவு எழுதுகிற அக்கா

ரிசீவரைக் காதுக்கும் தோளுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு, "எட்டாங் கிளாஸ் 'பி' செக்ஷனா? சொல்லுங்கம்மா, என்ன பண்ணுது புள்ளைக்கு?" என்று கேட்டபடியே நோட்டில் எழுதிக்கொண்டிருக்கிறாள். இடக்கை சும்மா இல்லை. பக்கத்தில் அலறிக்கொண்டிருக்கும் இன்னொரு போனைத் தூக்கி, "ஒரு நிமிஷம் இருங்க" என்று சொல்லி மேசைமேல் மல்லாத்தி வைக்கிறாள். காலை எட்டு மணியிலிருந்து முதல் மணி அடிக்கிற வரைக்கும் அந்தப் பள்ளி அலுவலக அறையில் அவளுக்கு மூச்சுவிட நேரம் கிடையாது.

தாமதச் சீட்டு கொடுப்பது, அறைச் சாவிகளைக் காப்பது, மணி அடிக்கச் சொல்வது என்று தலைக்கு மேல் வேலை இருந்தாலும், பிள்ளைகளுக்கு அவள் லீவக்காதான். வராதவர்களின் பெயரும் காரணமும் எழுதுகிற நோட்டு அவளிடம் இருக்கிறது. சொந்தப் பெயரைச் சொல்லி யாராவது கூப்பிட்டால் அவளே ஒரு கணம் தாமதித்துத்தான் திரும்புவாள்.

லீவு சொல்லக் கூப்பிடுகிறவர்களைவிட, லீவு போடலாமா என்று கேட்கக் கூப்பிடுகிற அம்மாக்கள்தான் அதிகம்.

"லேசா உடம்பு சுடுதுக்கா. அனுப்பவா, வேணாமா?"

"ராத்திரி தூங்கினானா?"

"முனகிட்டே இருந்தான்."

"காலைல என்ன சாப்பிட்டான்?"

"ஒண்ணும் வேணான்னுட்டான்க்கா."

"அப்புறம் என்னம்மா என்னைக் கேக்கறீங்க? படுக்கட்டும் விடுங்க."

அந்தப் பக்கம் ஒரு பெருமூச்சு கேட்கும். பிள்ளைக்கு முடியவில்லை என்பது அந்த அம்மாவுக்கு விடிவதற்கு முன்பே தெரியும். வேலைக்குப் போகாமல் இருந்துவிடு என்று வேறொருவர் சொல்ல வேண்டியிருக்கிறது, அவ்வளவுதான். லீவக்காவுக்கு இது புரியும். அதனால்தான் எத்தனை பேர் கேட்டாலும் சலித்துக்கொள்ளாமல் அதே கேள்விகளை அதே வரிசையில் கேட்கிறாள்.

அப்பாக்கள் கூப்பிட்டால் வேறு கதை. பிள்ளை எந்த வகுப்பு என்பதற்கே ஒரு முறை உள்ளே திரும்பிக் கத்திக் கேட்க வேண்டியிருக்கும். "செக்ஷன் என்ன சார்?" என்றால், "அவங்கம்மாகிட்ட குடுக்கறேன்" என்று போனைக் கைமாற்றிவிட்டுத் தப்பித்துவிடுவார்கள்.

அவளுக்கென்று ஒரு சட்டம் உண்டு. மூக்கு ஒழுகினால் வரலாம். "சளிக்கெல்லாம் லீவு குடுத்தா டீச்சருங்க சுவத்தப் பாத்துதான் பாடம் நடத்தணும்." வாந்தி எடுத்தால் ஒரு முழு நாள் வீட்டில். கண் சிவந்திருந்தால் வாசலோடு சரி. காய்ச்சல் என்றால், மருந்து கொடுக்காமலே ஒரு நாள் முழுக்கச் சுடாமல் இருந்த பிறகுதான் வரலாம். "நெத்திய மட்டும் தொட்டுப் பாத்துட்டு அனுப்பாதீங்கம்மா. பின்கழுத்துல கை வைங்க. கழுத்து பொய் சொல்லாது" என்பது அவள் வாயில் தினமும் நாலைந்து தடவையாவது வரும்.

பத்தரை மணிக்கு மேல் அவளுக்கு இரண்டாவது வேலை தொடங்கும். காலையில் மருந்தை ஊற்றி அனுப்பிய பிள்ளைகள் வாடிப்போய் ஒவ்வொருவராக வருகிற நேரம் அது. பழைய மேப்புகளும் உடைந்த நாற்காலிகளும் கிடந்த அறையை ஒழித்து, ஒரு கட்டில், ஒரு வாளி, ஒரு ஜக்கு தண்ணீர் வைத்திருக்கிறார்கள். பிள்ளையை அங்கே படுக்க வைத்துவிட்டு வீட்டுக்குப் போன் போடுவாள். "இப்பத்தான்க்கா டூட்டிக்குள்ள வந்தேன்" என்று அந்தப் பக்கம் குரல் இறங்கும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் லீவக்கா இப்படிப்பட்ட அம்மாக்களைப் பிடிபிடியென்று பிடித்திருக்கிறாள். ஒருநாள் அப்படித் திட்டு வாங்கிய ஒருத்தி, தொழிற்சாலையில் தலைக்கு மாட்டுகிற வலைத் தொப்பியைக் கழற்றக்கூட மறந்து, கைகளில் மாவு ஒட்டியபடி ஓடி வந்து நின்றாள். அன்றோடு லீவக்கா திட்டுவதை விட்டுவிட்டாள்.

நடிக்கிறவர்களைக் கண்டுபிடிப்பது அவளுக்குக் கைவந்த கலை. கணக்குப் பாடம் வந்தால் வயிறு வலிக்கிற கூட்டம் ஒன்று உண்டு. "அப்படியா ராசா? எங்க, ஒரு தடவ குதி பாப்போம்" என்பாள். குதித்துவிட்டுச் சிரித்தால் வகுப்புக்கு. உள்ளங்கைகளைத் தேய்த்து நெற்றியைச் சூடாக்கிக்கொண்டு வருகிறவன், வெயிலில் நாலு சுற்று ஓடிவிட்டு வருகிறவன் எல்லாரையும் பார்த்தாயிற்று. எதுவும் கேட்காமல் பெஞ்சில் பத்து நிமிடம் உட்கார வைப்பாள். நடிக்கிறவன் ஐந்தாவது நிமிடத்தில் "அக்கா, இந்தச் சாவி எந்த ரூமுதுக்கா?" என்று ஆரம்பிப்பான். "நெஜமா முடியாத புள்ள பேச்சுக் குடுக்காது" என்று சொல்லி அவனை எழுப்பி அனுப்பிவிடுவாள். அவள் காதில் பூச்சுற்றிவிட்டுப் போனவர்கள் இந்தப் பள்ளியில் கிடையாது.

வீட்டில் அவளும் மகளும்தான். கணவர் லாரி ஓட்டுகிறார். கிளம்பினால் பத்து நாள், பதினைந்து நாள். மகளுக்கு எட்டு வயது. லீவக்காவின் பள்ளி ஆறாம் வகுப்பில்தான் தொடங்குகிறது என்பதால் மகள் இரண்டு தெரு தள்ளி இருக்கிற சின்னப் பள்ளியில் மூன்றாவது படிக்கிறாள். போன பருவத்தில் அவளுக்கு அம்மை போட்டு, பன்னிரண்டு நாள் வீட்டோடு இருந்ததில் லீவக்காவின் லீவு அத்தனையும் கரைந்துவிட்டது. அதற்குப் பிறகும் ஒருநாள் காதுவலி, ஒருநாள் வாந்தி. தலைமையாசிரியை கெட்டவர் இல்லை. கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, "நீங்களே லீவு போட்டா லீவ யாரும்மா எழுதறது? இன்னொரு தடவைன்னா நான் வேற ஆளைத்தான் பாக்கணும்" என்றார். மகள் அப்போது அறைக்கு வெளியே பெஞ்சில்தான் உட்கார்ந்திருந்தாள்.

போன செவ்வாய்க்கிழமை காலையில் மகள் சாப்பிட்ட வேகம் சரியில்லை. தட்டில் பாதி அப்படியே இருந்தது.

"உடம்பு எப்படிடி இருக்கு?"

"நல்லாத்தாம்மா இருக்கு" என்று சொல்லிவிட்டுக் கை கழுவ எழுந்து போனவள், திரும்பி வந்து தானாகவே நெற்றியைக் காட்டிக்கொண்டு நின்றாள்.

தொட்டாள். சில்லென்று இருந்தது. ஊருக்கெல்லாம் கழுத்தைத் தொடச் சொல்கிற கை அன்று கழுத்துக்குப் போகவில்லை. தொட்டால் தெரிந்துவிடும், தெரிந்துவிட்டால் வேலைக்குப் போக முடியாது. மறதியெல்லாம் இல்லை. பயம். பள்ளிக்குப் போகிற வழியெல்லாம் வாய் ஓயாமல் பேசுகிற பெண் அன்று ஒரு வார்த்தை பேசவில்லை. அதையும் லீவக்கா கவனிக்கத்தான் செய்தாள். கவனித்துவிட்டு, மகளின் பையைத் தன் தோளில் மாட்டிக்கொண்டு எட்டி நடை போட்டாள்.

பத்தே முக்காலுக்குப் போன் அடித்தது. எடுத்து, பழக்க தோஷத்தில் "எந்த கிளாஸும்மா?" என்றாள்.

"மூணாங் கிளாஸு" என்றது அந்தப் பக்கம். சின்னப் பள்ளியிலிருந்து ஒரு பெண்குரல். "பாப்பாவோட அம்மாதான பேசறது? டெஸ்குல தலைய வெச்சுப் படுத்துட்டா. உடம்பு கொதிக்குதுக்கா. காலைல மருந்து ஏதாவது குடுத்து அனுப்பினீங்களா?"

எத்தனையோ அம்மாக்களிடம் அவள் கேட்ட கேள்வி. ஒருத்தியும் ஒரே தடவையில் உண்மையைச் சொன்னதில்லை.

"மருந்து குடுக்கல. முடியலன்னு தெரிஞ்சேதான் அனுப்பினேன்."

 "பரவால்லக்கா, வாங்க" என்றது குரல்.

லீவக்கா நோட்டை மூடினாள். தலைமையாசிரியையின் அறை வாசலில் நின்று, "பொண்ணுக்கு முடியல. நான் போறேன் மேடம்" என்றாள். அனுமதி கேட்கிற தொனியில் சொல்லியிருக்கலாம்தான். அதற்கான தெம்பு அவளிடம் இல்லை. தலைமையாசிரியை "சரி" என்றாரே தவிர நிமிர்ந்து பார்க்கவில்லை. அந்தச் சரிக்கு என்ன அர்த்தம் என்பது போகப்போகத்தான் தெரியும்.

இரண்டு தெருவையும் அவள் எப்படிக் கடந்தாள் என்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரியாது. சின்னப் பள்ளியின் அலுவலகத்தை ஒட்டிய அறையில் மகளை உட்கார வைத்திருந்தார்கள். கதவு பாதி திறந்திருந்தது. உள்ளே நின்ற ஆசிரியை ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு, "இதோ உங்கம்மா வந்துட்டாங்க பாரு" என்று சொன்னது வாசலிலேயே கேட்டது.

கதவைத் தள்ளப் போன லீவக்கா நின்றுவிட்டாள். துவண்டு சாய்ந்திருந்த மகள், அந்தச் சொல்லைக் கேட்டதும் தடுமாறி எழுந்தாள். மூலையில் குடிதண்ணீர் நிரப்பி வைத்திருந்த எவர்சில்வர் டிரம்மிடம் போய், இரண்டு கையாலும் அதைக் கட்டிக்கொண்டு நெற்றியை அதன்மேல் அழுத்தினாள். கொஞ்ச நேரம் இந்தப் பக்கம், கொஞ்ச நேரம் அந்தப் பக்கம். நன்றாகப் பழகிய வேலையைச் செய்கிற நிதானம் அதில் இருந்தது. பிறகு ஈரத்தைச் சட்டைக் கையால் துடைத்துக்கொண்டு கதவுப் பக்கம் திரும்பினாள்.

"தொட்டுப் பாரும்மா. சுடவே இல்ல. நீ ஆபீஸுக்குப் போ" என்றாள்.

லீவக்கா அப்படியே தரையில் மண்டியிட்டு மகளின் நெற்றியில் கையை வைத்தாள். சில்லென்றுதான் இருந்தது. அந்தக் குளிர் மெல்ல மெல்லப் போய், அடியிலிருந்த சூடு உள்ளங்கைக்கு ஏறி வரும் வரைக்கும் அவள் கையை எடுக்கவில்லை.