மைக் நின்ற பிறகு

யுத்தம் உக்கிரமாக நடந்த தொண்ணூறுகளில், வெள்ளவத்தையில் ஒரு மண்டபத்தில் நடந்தது இது. அந்த நாட்களில் கொழும்புத் தமிழர்களுக்கு ஒரு பழக்கம் இருந்தது. வீட்டை விட்டு வெளியே வந்தால் தமிழைத் தாழ்ந்த குரலில்தான் பேசுவோம். நானும் அப்படித்தான்.

சோவியத் காலத்தில் புலமைப்பரிசில் பெற்றுக் கீவ் நகரில் படித்தவள் நான். அதனால், வயதான உக்ரேனிய இயக்குநர் ஒருவர் தன் படத்தோடு வந்தபோது மொழிபெயர்க்க என்னை அழைத்தார்கள். அவரைக் கூட்டிப்போக ஹோட்டலுக்குப் போன நான், அங்கிருந்த தொலைபேசியில் அம்மாவிடம் வரப் பிந்தும் என்று கிசுகிசுத்தேன். “ஏன் களவெடுத்தவள் மாதிரிப் பேசுகிறாய்?” என்று பக்கத்தில் நின்ற இயக்குநர் கேட்டார். தமிழ் காதில் விழுந்தாலே சந்தேகப்படுவார்கள் என்று காரணத்தைச் சொன்னேன்.

கீவ் டிராமில் தாங்களும் தாய்மொழியை அப்படித்தான் பேசியதாகச் சொன்னார். அவருடைய முதல் படம் உக்ரேனிய மொழியில். அதற்கு ரஷ்யக் குரல் கொடுத்தால்தான் நாடு முழுக்க ஓடும் என்று அதிகாரிகள் சொன்னார்களாம். மனிதர் மறுத்துவிட்டார். படத்தைப் பூட்டிவைத்து, அவரைப் பீட்ரூட் பண்ணைகள் பற்றிக் குறும்படம் எடுக்க அனுப்பினார்கள். சோவியத் உடைந்ததும் படம் வெளியே வந்தது. ஆனால் அதற்குள் தியேட்டர்கள் மேசை நாற்காலி விற்கும் தளபாடக் கடைகளாகிவிட்டன. அதைச் சொல்லி அவரே சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அவர் கொண்டுவந்த அந்தப் படத்தில் திரையில் ஓடும் எழுத்து மொழிபெயர்ப்பு இல்லை. சோவியத் அரங்குகளில் செய்வதுபோல, படம் ஓட ஓட நான் மைக்கில் சொல்ல வேண்டும். ஆங்கிலத்தோடு தமிழிலும் சொல்கிறேன் என்றேன். நிகழ்ச்சியை ஒழுங்கு செய்தவர் எங்கள் ஆள்தான், ஓய்வுபெற்ற தமிழ் உத்தியோகத்தர். பதறிப்போனார்.

“தங்கச்சி, விசர் வேலை பாக்காதையும். வாசல்ல பொலிஸ் நிக்குது. போன கிழமையும் பக்கத்து லேன்ல பொடியளைப் பிடிச்சவங்கள். இங்கிலிஷே காணும், தமிழ் வேண்டாம்.”

அவர் பயத்திலும் நியாயம் இருந்தது. ஆங்கிலத்திலேயே தொடங்கினேன். முன்வரிசையில் ஆங்கிலம் தெரியாத எங்கள் தமிழ்ப் பெண்கள் ஊமைப்படம் பார்ப்பதுபோல் இருந்தார்கள். நடுவில், பட்டாளத்துக்குப் போகும் மகனை ஒரு தாய் வழியனுப்பும் காட்சி வந்தது. அதை ஆங்கிலத்தில் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. “போயிட்டு வா ராசா” என்றேன். ஒரு பெண் விம்மினாள். அதற்குப் பிறகு ஒவ்வொரு வரியையும் இரண்டு மொழியிலும் சொன்னேன்.

மைக் நின்றது. உத்தியோகத்தர் வயரைப் பிடுங்கிவிட்டார். வந்த ஆத்திரத்தில் எழுந்து நின்று தொண்டை கிழியச் சொன்னேன். இயக்குநரும் எழுந்து என் பக்கத்தில் நின்றார். சத்தம் கேட்டுப் பொலிஸ்காரர் கதவைத் திறந்தார். நான் தமிழை விடவில்லை. பின்வரிசையிலிருந்து ஒரு சிங்கள ஐயா, “எயாட்ட கதா கரன்ன தென்ன” என்றார். அவளைப் பேச விடுங்கள் என்று அர்த்தம். பொலிஸ்காரர் என்னைப் பார்த்தார், திரையைப் பார்த்தார். பிறகு கதவில் சாய்ந்துகொண்டு கடைசி வரை படம் பார்த்தார்.

படம் முடிந்து திரும்புகையில் உத்தியோகத்தர் காலி வீதி என்ற அந்தப் பிரதான வீதி நெடுக என்னைத் திட்டிக்கொண்டே வந்தார். “உமக்கு மூளை இருக்கே? எல்லாரையும் உள்ள போடப் பாத்தீரே!” என்று முழுக்குரலில், நல்ல தமிழில். அதை அவர் கவனிக்கவேயில்லை.

இன்றும் பஸ்ஸில் கைபேசி அடித்தால் என் குரல் தன்பாட்டில் தாழும். உடனே அந்த மண்டபம் நினைவுக்கு வரும், வேண்டுமென்றே இன்னும் கொஞ்சம் சத்தமாகக் கதைப்பேன்.