கோயில் கொம்பியூட்டருக்கு ஒரு பாட்டுச் செயலி

கொம்பியூட்டரில் பாட்டுச் செயலி போட்டுக் கொடுப்பதெல்லாம் ஒரு தொழிலா என்று என்னிடம் கேட்காதவர்கள் குறைவு. அப்படிக் கேட்டுவிட்டுத் தங்கள் வீட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வராதவர்கள் அதைவிடக் குறைவு.

என் கடை நுரைச்சோலைச் சந்திக்குச் சற்றுத் தள்ளி, வலை விற்கும் கடைக்கும் பேக்கரிக்கும் நடுவில் இருந்தது. வாசலில் நின்றால் அனல் மின்நிலையத்தின் புகைபோக்கி தெரியும். நாட்டுக்கே கரண்ட் கொடுக்கும் புகைபோக்கியைப் பார்த்துக்கொண்டே இருட்டில் உட்கார்ந்திருந்த நாட்கள் பல. ஐம்பது வயது தாண்டிய மனிதன் ஊரார் பாட்டுகளை அடுக்கிக் கொடுத்துக் காலத்தைப் போக்குகிறானே, இதற்காகவா பிறந்தேன் என்று அப்போதெல்லாம் யோசிப்பேன். பதில் கிடைப்பதற்குள் கரண்ட் வந்துவிடும், கூடவே யாராவது ஒரு பென்ட்ரைவும் வந்துவிடும்.

‘உங்களுக்குத்தான் கொம்பியூட்டர் தெரியுமே’ என்ற ஒரே வார்த்தையால் ஞாயிற்றுக்கிழமைகளை இழந்தவர்கள் என்னைப் போல் எத்தனையோ பேர் இருப்பீர்கள். உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

சிக்கிக்கொண்ட சீடி

என் மனைவி பிலோமினாவின் தம்பி ஜோக்கிம், எங்கள் ஊரில் லவுட்ஸ்பீக்கர் வாடகைக்கு விடுபவன். கடற்கரையில் பிறந்தும் அவனுக்குப் படகில்லை, வலையில்லை. கடலைக் கண்டால் வாந்தி வரும். கோயில் திருவிழாவன்று அம்ப்புக்குப் பின்னால் அவன் உட்காரும் அந்த ஒரு கதிரைதான் ஊரில் அவனுக்கு இருந்த மரியாதை.

ஒரு வருடத் திருவிழாவில் மாதா சுரூபம் தெருவில் வந்துகொண்டிருந்தபோது, மன்றாட்டு மாலை பதிந்த சீடி ஓரிடத்தில் சிக்கிக்கொண்டது. ஒரு புனிதரின் பாதிப் பெயரையே அது திரும்பத் திரும்பச் சொன்னது. சனங்களும் சளைக்காமல், ஒவ்வொரு பாதிப் பெயருக்கும் ‘எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்’ என்று பதில் சொல்லிக்கொண்டே வந்தார்கள். ஜோக்கிம் ஓடிப்போய்ச் சீடியைப் பிடுங்குவதற்குள் அந்தப் புனிதருக்கு ஒரு வருடத்துக்குப் போதுமான மன்றாட்டு போய்ச் சேர்ந்துவிட்டது.

அடுத்த வருடம் திருவிழாக் கமிட்டிக்குத் தலைவராக வந்தவர் ரெஜினோல்ட். இத்தாலியில் பல காலம் வேலை செய்துவிட்டுத் திரும்பியவர். அங்கே பஸ்கூட நேரத்துக்கு வரும் என்பதை ஒரு நாளும் மறக்காதவர், எங்களையும் மறக்க விடாதவர். கோயிலுக்கு ஒரு மேசைக் கொம்பியூட்டரை அன்பளிப்பாகக் கொடுத்துவிட்டு, என்னையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு மச்சானிடம் அவர் சொன்னார்: “இந்த முறை எல்லாம் இதிலதான் ஜோக்கிம். திருவிழாவுக்கு முந்தின நவநாள் ஒன்பதில ஒரு நாள் பிசகினாலும், திருவிழாவுக்குச் சிலாபத்து சவுண்ட் செட்தான் வரும்.”

அன்னம்மாளின் படம்

செயலியைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. உண்மையைச் சொன்னால், விழவில்லை. நானே தலையைக் கொண்டுபோய் நீட்டினேன். ஜோக்கிம் கேட்டதெல்லாம் பெரிதாக ஒரு பொத்தான், அமர்த்தினால் பாட வேண்டும், திரும்ப அமர்த்தினால் நிற்க வேண்டும். அவ்வளவு சின்ன ஆசையை நிறைவேற்றுவது என் படிப்புக்கு அவமானம் என்று எனக்குப் பட்டது. இருப்பதிலேயே அழகான செயலியை இறக்கினேன். கறுப்புப் பின்னணி, நீல வெளிச்சம், சத்தத்துக்கேற்ப எழும்பி விழும் கோடுகள். பாட்டின் பெயரைப் பார்த்து அதற்கான படத்தை இன்டர்நெட்டில் தானே தேடி எடுத்து ஒட்டும்.

கோயிலின் பங்குச் சுவாமி வந்து பார்த்தார். மாதாவின் தாயான புனித அன்னம்மாள் பாட்டு ஒன்றைப் போட்டுக் காட்டினேன். கோப்பின் பெயரை நான் ஆங்கிலத்தில் ‘ஆன்’ என்று போட்டிருந்தேன். செயலி கொஞ்சம் யோசித்துவிட்டு, அதே பெயருள்ள எங்கோ ஒரு வெளிநாட்டுப் பாடகியின் படத்தைத் திரை நிறைய விரித்தது. பாடகி வெயில் காலத்துக்கு ஏற்றபடி உடுத்தியிருந்தாள். அதாவது, உடுத்துவதை மறந்திருந்தாள். பின்னணியில் ‘தாயே அன்னம்மாளே’ என்று எங்கள் பாடகர் குழு உருகிக்கொண்டிருந்தது. நான் எலியைப் பிடித்து இழுக்கிறேன், படம் போகவில்லை.

சுவாமி கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, திரும்பப் போட்டுக்கொண்டு நிதானமாகச் சொன்னார்: “பிள்ளைக்குக் கூதலடிக்கும். முதல்ல ஒரு சேலையைக் குடுங்க.”

ஆளில்லாத பாட்டுகள்

அடுத்ததாகப் போட்டது சாம்பல் நிறத்தில் அழகே இல்லாத ஒரு செயலி. படம் காட்டாது, கண் சிமிட்டாது. ஆனால் உள்ளே போனால் அலுமாரிபோல் இழுப்பறைக்குள் இழுப்பறையாக ஆயிரம் வசதிகள். கண்டதும் எனக்குப் பிடித்துப்போனது. என் மனம் இருக்கும் இலட்சணத்துக்கு அது பொருத்தமாகவும் இருந்தது.

ஜோக்கிமின் பாட்டுகளைத் திறந்து பார்த்தால் ஒன்றுக்கும் ஒழுங்கான பெயர் இல்லை. ‘சம்மாட்டி செத்த பாட்டு’, ‘லூர்தம்மா அழுதது’, ‘மழை வந்து நின்றது’, ‘சுவாமிக்குப் பிடிக்காது, போடாதே’. இப்படித்தான் அவன் எழுதி வைத்திருந்தான். இது என்ன முறை என்று நான் அரைநாள் இருந்து, செயலியிடமே சொல்லி எல்லாவற்றையும் திருத்த வைத்தேன். அது ஒவ்வொரு கோப்புக்குள்ளும் எட்டிப் பார்த்து, அங்கே ஒரு விவரமும் இல்லாததால், எல்லாப் பாட்டையும் ‘பாடியவர் தெரியாது’ என்ற ஒரே தலைப்பின் கீழ் இலக்கம் போட்டு வரிசையாக நிறுத்தியது. பார்க்க அணிவகுப்புப்போல் வடிவாக இருந்தது.

மறுநாள் அந்தப் பாட்டுகளைப் பென்ட்ரைவில் கொண்டுபோன ஒரு செத்த வீட்டில் ஜோக்கிமிடம் ‘அந்தப் படகுச் சம்மாட்டி வீட்டில் போட்டதைப் போடுங்கோ’ என்று கேட்டிருக்கிறார்கள். அவன் முழு அணிவகுப்பையும் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்திருக்கிறான். பிரேதம் எடுத்த பிறகுதான் அந்தப் பாட்டு அகப்பட்டதாம். கடைக்கு வந்தவன் கோபப்படவில்லை. “அத்தான், இவ்வளவு நாளும் ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு ஆள் இருந்திச்சு,” என்றான். “நீங்க ஒரே நாளில எல்லாத்தையும் அநாதையாக்கிப் போட்டீங்க.”

மூச்சு விடாத மவ்லவி

நவநாள் நெருங்கிக்கொண்டிருந்த அந்தக் கிழமையில்தான் பக்கத்து ஊர் கனமூலையிலிருந்து ஹாஜியார் வந்தார். அவருக்கு ஒரு ஹார்ட்வெயார் கடை. காலையில் கடை திறந்ததும் மவ்லவி ஒருவரின் பயானை, பதிந்த மார்க்கப் பேச்சை, கொம்பியூட்டரில் போடுவது அவர் வழக்கம். மவ்லவி நல்ல பேச்சாளர், ஆனால் நடுநடுவே நிறுத்திவிடுவார். தண்ணீர் குடிப்பார், கிதாபைப் புரட்டுவார், சனங்கள் யோசிக்கட்டும் என்றும் விட்டுவிடுவார். அந்த இடைவெளியில் கடைப் பொடியன்கள் பயான் முடிந்துவிட்டதென்று எழும்பிப்போய் பைலாப் பாட்டைப் போட்டுவிடுகிறார்கள் என்பது ஹாஜியாரின் முறைப்பாடு. “தம்பி, சீமெந்து வாங்க வந்தவனெல்லாம் ஆடுறான்,” என்றார்.

சாம்பல் செயலியின் இழுப்பறைகளைக் குடைந்தபோது ஒரு சிறு கட்டம் கண்ணில் பட்டது. அதில் சரி போட்டால், சத்தமில்லாத இடங்களை எல்லாம் செயலி தானாகவே தாண்டிப் போய்விடும். போட்டுப் பார்த்தேன். மவ்லவி தண்ணீர் குடிக்கவுமில்லை, கிதாபைப் புரட்டவுமில்லை. அருவிபோல் கொட்டினார். எனக்கு வந்த பெருமையைக் கேட்காதீர்கள். இத்தனை நாள் எதற்காகப் பிறந்தேன் என்று யோசித்தவனுக்கு, சத்தமில்லாத இடத்தை ஒழிக்கத்தான் என்று பதிலே கிடைத்துவிட்டது போலிருந்தது. அன்று பின்னேரமே கோயிலுக்குப் போய் அங்கிருந்த செயலியிலும் அந்தக் கட்டத்தில் சரி போட்டேன். பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவில் இழுவை இருக்காதே என்ற நல்ல எண்ணம்தான். ஜோக்கிமுக்குச் சொல்ல வேண்டும் என்றும் தோன்றவில்லை.

ஹாஜியார் இரண்டு நாள் கழித்துப் போனில் சந்தோசம் சொன்னார். கூடவே ஒரு சந்தேகமும் கேட்டார்: “பயான் நல்லாத்தான் ஓடுது தம்பி. ஆனா கேக்கிற எங்களுக்குத்தான் மூச்சு வாங்குது. ஒண்டும் பிசகாதே?”

பறந்த செபமாலை

எங்கள் கோயிலில் நவநாள் பின்னேரங்களில் செபமாலை லவுட்ஸ்பீக்கரில் போகும். சொல்லிக்கொடுக்கும் உபதேசியாருக்குத் தொண்டை போய்விட்டதால், அவர் குரல் நன்றாக இருந்த காலத்தில் ஜோக்கிம் பதிந்து வைத்ததையே போடுவோம். பதிவில் உபதேசியார் ‘அருள்நிறைந்த மரியே’ என்று செபத்தின் முதல் பாதியை மட்டும் சொல்லி நிறுத்துவார். மற்றப் பாதியைச் சனங்கள் சொல்லி முடிக்கும்வரை பதிவில் ஒன்றும் இருக்காது. கோயிலுக்குள் இருப்பவர்கள் மட்டுமல்ல, கடற்கரை மீன்வாடியில் வலை தைப்பவர்களும் அடுப்படியில் நிற்பவர்களும் அந்த இடத்தில் பதில் சொல்லுவார்கள்.

வாசிக்கும் உங்களுக்கு விளங்கியிருக்கும். எனக்கு அன்று விளங்கவில்லை.

நவநாளின் முதல் நாள் கொடியேற்றம் முடிந்தது. ரெஜினோல்ட் முன்வரிசையில் இருந்தார். ஜோக்கிம் புதுச் சேட்டுப் போட்டுக்கொண்டு கதிரையில் உட்கார்ந்து செயலியின் பொத்தானை அமர்த்தினான். உபதேசியார் முதல் பாதியைச் சொன்னார். சனங்கள் வாயைத் திறந்தார்கள். திறந்த வாய்க்கு மேலாலேயே உபதேசியார் அடுத்த முதல் பாதிக்குப் போனார், அதிலிருந்து அதற்கடுத்ததற்கு. பெண்கள் பக்கம் வேகத்தைக் கூட்டிப் பார்த்தது. ஆண்கள் பக்கம் இரண்டாம் மணியிலேயே கைவிட்டது. மணியை உருட்டிய விரல்கள் பாவம், மிளகாய் ஆய்வதுபோல் ஓடின. நான் எழும்பி ஜோக்கிமிடம் போகப் பார்த்தேன். நிலம் நிறையப் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். கால் வைக்க இடமில்லை. நின்ற இடத்திலிருந்தே கையால் கட்டம் போட்டுக் காட்டினேன். அவன் நான் சிலுவை போடுகிறேன் என்று நினைத்துத் தானும் போட்டுக்கொண்டான்.

ஒரே ஒரு ஆள் மட்டும் செயலியைக் கணக்கெடுக்கவில்லை. லூர்தம்மா, ரெஜினோல்டின் மாமியார். ஊரில் ஆக மெதுவாகச் செபம் சொல்லுபவர் அவர்தான். உபதேசியார் எங்கோ மூன்றாம் காரணிக்கத்தில், அதாவது மூன்றாவது பத்து மணியில், பறந்துகொண்டிருக்க, லூர்தம்மா தன் முதலாவது பதிலை ஒரு சொல்லும் விடாமல் சொல்லிக்கொண்டிருந்தார். ஜோக்கிம் அவரைப் பார்த்தான், திரையைப் பார்த்தான், பிறகு எழும்பி அம்ப்பின் சுவிட்சையே நிறுத்தினான். கோயிலுக்குள் லூர்தம்மாவின் குரலும் வெளியே கடலும் மட்டும் கேட்டன. அவர் சொல்லி முடித்து, நிமிர்ந்து சுற்றிப் பார்த்தார். மூலையில் இருந்த உபதேசியார் தன் உடைந்த தொண்டையால் அடுத்த முதல் பாதியைச் சொன்னார். சனங்கள் பதில் சொன்னார்கள். அப்படியே செபமாலை முடிந்தது. வெளியே வரும்போது ஒரு கடற்றொழிலாளி என் தோளில் தட்டினான்: “அந்த முதல் வேகம் நல்லா இருந்திச்சு அண்ணன். நாளைக்கும் போட்டா நேரத்தோட கடலுக்குப் போயிரலாம்.”

கமிட்டியின் தீர்ப்பு

கோயில் முற்றத்தில் ரெஜினோல்ட் போனைக் கையில் எடுத்துக்கொண்டு நின்றார். சிலாபத்து நம்பரைத் தேடுகிறார் என்று எல்லோருக்கும் தெரிந்தது. ஜோக்கிம் புதுச் சேட்டின் கடைசிப் பொத்தானைத் திருகிக்கொண்டு நின்றான். நான் வாயைத் திறந்தேன். “பிசகினது கொம்பியூட்டர் இல்ல...” என்று தொடங்கியவனை ரெஜினோல்ட் கையால் நிறுத்தினார். “சொன்னது சொன்னதுதான். ஒரு நாள் பிசகினா சிலாபம்.”

லூர்தம்மா செபமாலையை மடித்துச் சட்டைக்குள் வைத்துக்கொண்டே வந்தார். அவர் வந்து சேரும்வரை எல்லோரும் காத்திருக்க வேண்டியிருந்தது. அவர் நடையும் செபம் போலத்தான்.

“ஆருக்கு போன்?” என்றார் மருமகனிடம்.

“சிலாபத்துக்கு மாமி.”

“அவங்கள் வந்தா நல்லாப் போடுவாங்கள். நிப்பாட்டுவாங்களா?”

ரெஜினோல்ட் போனையும் மாமியாரையும் மாறி மாறிப் பார்த்தார். லூர்தம்மா தன் வேகத்தில் காத்திருந்துவிட்டுத் தொடர்ந்தார். “நான் சொல்லி முடிக்கட்டும் எண்டு இவன் நிப்பாட்டினான். திருவிழாவுக்கு இவனே இருக்கட்டும். போனை உள்ள வை.”

போன் உள்ளே போனது. இத்தாலியில் பஸ் நேரத்துக்கு வரலாம், ஆனால் அங்கே அவருக்கு மாமியார் இருக்கவில்லை. ஜோக்கிமின் முகத்தில் வெளிச்சம் வந்ததைப் பார்த்து நானும் சிரித்தேன். லூர்தம்மா என் பக்கம் திரும்பினார்: “இவரை மட்டும் பெட்டிக்குக் கிட்ட விடாதீங்க.”

கட்டத்துக்கு வெளியே

கமிட்டி அதை ஏகமனதாக ஏற்றுக்கொண்டது. ஆகவே மறுநாள் நான் கோயில் படியில் நின்றபடி, உள்ளே இருந்த ஜோக்கிமுக்குச் சத்தம் போட்டுச் சொல்லிச் சொல்லி அந்தச் சரியை எடுக்க வைத்தேன். பாட்டுகளுக்கு அவன் தன் பழைய பெயர்களைத் தானே திரும்ப எழுதிக்கொண்டான். மீதி நவநாள் பிசகவில்லை. திருவிழாவன்று சுரூபம் தெருவில் வந்தபோது, ‘மழை வந்து நின்றது’ என்று அவன் எழுதி வைத்திருந்த பாட்டு ஊர் முழுவதும் கேட்டது. ஜோக்கிம் தன் கதிரையில் இருந்தான். நான் தூரத்தில், கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன்.

ஆனால் ஒரு யோசனை என்னை விடவில்லை. நாங்கள் பதில் சொல்ல வேண்டிய இடம்தான் அந்தப் பெட்டிக்கு ஒன்றுமில்லாத இடமாகத் தெரிந்திருக்கிறது. நானும் வீட்டில் அப்படித்தானோ என்று தோன்றியது. மத்தியானச் சாப்பாட்டின்போது பிலோமினாவிடம் கேட்டேன், நீ கதைத்துவிட்டு நிறுத்துகிற இடங்களையெல்லாம் நான் இப்படித்தான் தாண்டிப் போயிருக்கிறேனா என்று. அவள் கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. நான் தாண்டவில்லை, காத்திருந்தேன். பிறகு சொன்னாள்: “கலியாணம் கட்டின நாளில இருந்து நீங்க அந்தக் கட்டத்தில சரி போட்டுத்தான் வச்சிருக்கிறீங்க. சோறு ஆறுது, சாப்பிடுங்க.”

பாட்டுச் செயலி தேர்ந்தெடுப்பதில் இத்தனை காலம் பட்டு நான் கண்டறிந்தது இவ்வளவுதான்: எல்லா வசதியும் உள்ளதாகப் பார்த்துப் போடுங்கள், போட்ட ஆளை உடனே வீட்டுக்கு அனுப்பிவிடுங்கள்.