மக்ரூன் கரைவதற்குள்

என் மேசை இழுப்பறையில் ஒரு தாள் இருக்கிறது. அதன் ஒரு பக்கத்தில், ஏதோ சரக்கைப் பற்றி ஆங்கிலத்தில் தட்டச்சிட்டுப் பிழை நேர்ந்ததால் கழித்துவிட்ட அலுவலகக் கடிதம். மறுபக்கத்தில், அத்தையின் நெருக்கமான கையெழுத்தில் ஒரு நகைச்சுவைக் காட்சியின் முதல் பக்கம். கடைசி வரிக்கருகே சிவப்பு மையில் ஒரு வட்டம். அத்தையின் மற்றத் தாள்களில் இத்தகைய வட்டங்களுக்குள் எண்ணெய்க் கறை இருக்கும். இதில் கறை இல்லை. வட்டத்தின் பக்கத்தில் ஒரே ஒரு சொல் மட்டும் இருக்கிறது: ‘கொல்லை’.

அத்தை என் அப்பாவின் தங்கை. முத்தையாபுரத்தில் எங்கள் வீட்டில் எங்களோடு இருந்தார். துறைமுகத்தில் ஒரு கப்பல் முகவர் அலுவலகத்தில் தட்டச்சு வேலை. அலுவலக ஆண்டுவிழாவுக்கு, வராத கப்பலுக்காக மாலையோடு காத்திருக்கும் வரவேற்புக் குழுவைப் பற்றி அவர் எழுதிய பத்து நிமிட நாடகம் ஊருக்குள் பேசப்பட்டது. உள்ளூர் கேபிள்காரர் ஞாயிறுதோறும் அவருடைய நாடகங்களுக்கு ஐந்து நிமிடம் ஒதுக்கினார். அங்கிருந்து அத்தை சென்னைத் தொலைக்காட்சி ஒன்றின் நகைச்சுவை நிகழ்ச்சிக்கு இரண்டு காட்சிகளை அனுப்பினார். இரண்டையும் நடித்து ஒளிபரப்பினார்கள். மூன்றாவதும் அதே தரத்தில் இருந்தால் எழுத்தாளர் குழுவில் நிரந்தரமாகச் சேர்த்துக்கொள்வதாகச் சொன்னார்கள். திங்கட்கிழமைக்குள் அதைத் தபாலில் சேர்க்க வேண்டும். அப்போது எனக்குப் பதினொரு வயது.

எழுதியதைச் சோதித்துப் பார்க்க அத்தை ஒரு முறை வைத்திருந்தார். அப்பாவுக்கு வாசித்துக் காட்டிப் பயனில்லை. அத்தை தொண்டையைச் செருமினாலே அவர் சிரித்துவிடுவார். அக்கம்பக்கத்தார் மரியாதைக்குச் சிரிப்பார்கள். எளிதில் சிரிக்காத பிள்ளை என்று பெயரெடுத்திருந்த நானே தகுந்த ஆள் என்று அவர் முடிவு செய்தார். வாசிப்பதற்கு முன் என் வாயில் எங்கள் ஊர் பேக்கரி மக்ரூன் ஒன்றை வைப்பார். முந்திரியும் சர்க்கரையும் நாக்கில் தானாகக் கரைந்துகொண்டிருக்கும், கடிக்கக் கூடாது. அது முழுதாகக் கரைவதற்குள் நான் சிரித்துவிட வேண்டும். சிரித்தால் வெண்தூள் தாளின்மீது தெறித்து முந்திரியெண்ணெய்க் கறையாகும். தெறித்த இடத்தை அத்தை சிவப்பு மையால் வளைத்துக்கொள்வார். கரைந்த பின்னும் நான் பேசாமல் உட்கார்ந்திருந்தால், “போச்சுளா, மக்ரூனும் போச்சு, காட்சியும் போச்சு” என்று எழுந்து தாளைக் கிழித்துவிடுவார்.

அப்பாவுக்கு அவர் சென்னை செல்வதில் விருப்பமில்லை. “சிரிப்பு எழுதுததுக்கா ஹார்பர் வேலையை விடப்போற?” என்று கேட்டார். “அண்ணே, கப்பல் நாளைக்கு வந்துரும்னு தினமும் லெட்டர் அடிக்கேன். அதுவும் சிரிப்புதான். அங்கன போனா எம்பேரையாவது போடுவான்,” என்றார் அத்தை. எனக்கும் விருப்பமில்லை என்பது யாருக்கும் தெரியாது. என்னை யாரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

அந்த ஞாயிறு மதியம் மூன்றாவது காட்சியை வாசிக்கத் தொடங்கினார். ஒரு விருந்தாளி விடைபெறுகிறார். “வாரேன்” என்று வாசல்படியில் நின்றவர் ஒரு செய்தியை நினைவுகூர்கிறார். மறுபடி “வாரேன்”, மறுபடி ஒரு செய்தி. வீட்டுக்காரர்களோ திருச்செந்தூருக்குப் பேருந்து பிடிக்க வேண்டும். அதைச் சொல்ல நாகரிகம் தடுக்கிறது. ஐந்தாவது “வாரேன்” முடிந்ததும் விருந்தாளி, கால் வலிக்கிறது என்று உள்ளேயிருந்து ஒரு நாற்காலியை இழுத்துவந்து வாசலில் போட்டு உட்கார்ந்து, “சரி, அப்ப நான் கெளம்புதேன்” என்கிறார். முந்தின வாரம் எங்கள் வீட்டுக்கு வந்த பெரியப்பாவை அச்சாக எழுதியிருந்தார் அத்தை.

இதுதான் அவரைச் சென்னைக்குக் கொண்டுபோகப்போகிற காட்சி என்பது எனக்கு அந்தக் கணத்திலேயே தெரிந்துவிட்டது. உதடுகளை இறுக்கினேன். உள்கன்னத்தைக் கடித்தேன். நாற்காலியை மீறி ஒரு வரியும் தாங்காது என்றானதும், அவசரம் என்று விரலால் காட்டிவிட்டுக் கொல்லைக்கு ஓடினேன். துவைகல்லைப் பிடித்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தேன். பிறகு முகத்தைக் கழுவித் துடைத்துக்கொண்டு, ஒன்றும் நடவாதவள்போல் திரும்பி வந்தேன்.

அத்தை தாள்களை மடித்துவிட்டிருந்தார். கிழிக்கக்கூட இல்லை. “கேக்குதவ நடுவுலயே எந்திரிச்சுப் போயிட்டா. இதுக்கு மேல என்னத்த வாசிக்க?” என்று மட்டும் சொன்னார். நான் வென்றிருந்தேன், ஆனால் அந்த வெற்றி இனிக்கவில்லை.

சாயங்காலம் காய்ந்த துணிகளை எடுக்கக் கொல்லைக்குப் போன அத்தை உடனே திரும்பி வந்தார். “ஏளா, இங்கன வா. துவைகல்லுல எறும்பு வரிசை கட்டி நிக்கி. ஒவ்வொண்ணும் மக்ரூனைத் தூக்கிட்டுப் போவுது. எறும்புக்கு மக்ரூன் வாங்கிக் குடுத்தது யாரு?”

நான் தலைகுனிந்து நின்றேன். “சிரிச்சா நீங்க போயிருவீங்கல்லா, அத்தை.”

அவர் என்னைத் திட்டுவார் என்று நினைத்தேன். அவரோ படியில் உட்கார்ந்து, கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார். “கள்ளி! ஓடிப்போயி சிரிக்க வச்சிருக்கேன்னா, இது எம்புட்டு நல்லாருக்கணும்!” முதல் பக்கத்தைத் தனியே பிரதியெடுத்துக்கொண்டு, மூலத்தில் நாற்காலி வரிக்கருகே வட்டம் போட்டு, ‘கொல்லை’ என்று எழுதி என்னிடம் தந்தார். மிச்சத்தை வாசிக்கச் சொல்லிக் கெஞ்சினேன். “மாட்டேன். டிவியில பாத்துக்கோ. அதுதான் உனக்குத் தண்டனை.”

ஒரு மாதத்தில் அவர் புறப்பட்டார். பெட்டியோடு வாசல்படியில் நின்று “வாரேன்” என்றார். பிறகு மொட்டைமாடி வற்றலை எடுக்கச் சொன்னார். மறுபடி “வாரேன்”; என் காதுவலி மருந்து எங்கே இருக்கிறது என்று அம்மாவிடம் சொன்னார். மூன்றாவது முறை அப்பா, “நாற்காலி கொண்டாரட்டா?” என்று கேட்டார். எல்லோரும் சிரித்தோம். அத்தை அந்தச் சிரிப்போடே படியிறங்கிவிட்டார்.

காட்சி ஒளிபரப்பான அன்று நாங்கள் மூவரும் தொலைக்காட்சிக்கு முன் நெருக்கியடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். நாற்காலி வந்தபோது திரையில் தெரிந்த அரங்கமே சிரிப்பில் அதிர்ந்தது. நான் அறியாத முடிவு அதன் பிறகு வந்தது: பொறுமையிழந்த வீட்டுக்காரர்கள் பைகளைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார்கள், விருந்தாளியோ அவர்களுடைய வாசலில் அமர்ந்தபடி கையசைத்து, “வீட்டை நான் பாத்துக்கிடுதேன், நிதானமா வாங்க” என்கிறார். நான் வாய்விட்டுச் சிரித்த சத்தத்தில் அப்பா திரையை விட்டுவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். பெயர்ப்பட்டியலில் அத்தையின் பெயர் ஒரு நொடி தோன்றியபோது அப்பா எழுந்தே நின்றுவிட்டார்.

அதன் பின் பத்தாண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டன. நிகழ்ச்சிகள் மாறின, விளம்பரத்துக்காக அவருடைய முடிவுகள் வெட்டப்பட்டன, நடிகர்கள் தம் விருப்பப்படி வசனம் சேர்த்தார்கள். ஓராண்டு முழுவதும் பெயரில்லாமல் பிறருக்கு எழுதினார். இப்போதுதான் முதன்முறையாக ஒரு நிகழ்ச்சிக்கு அவரே தலைமை எழுத்தாளர். சனிக்கிழமை முதல் படப்பிடிப்பு. நேற்று கைபேசியில் அவர் குரல் சிறுமியின் குரல்போலத் துள்ளியது. “பத்துப் பேரு குழுவுல இருக்கான். எல்லாரும் சிரிக்கான். எவனையும் நம்ப முடியல. கூரியர்ல அனுப்பியிருக்கேன். தாள்லதான் படிக்கணும், கேட்டியா?”

சற்று முன் உறை வந்தது. கடைக்குப் போய் மக்ரூன் வாங்கி வந்து, ஒன்றை வாயில் வைத்துக்கொண்டு, இழுப்பறையிலிருந்து பழைய தாளையும் எடுத்துப் பக்கத்தில் வைத்தேன். புதிய காட்சியில் ஒரு வீடு. நகைச்சுவை எழுதும் ஒரு பெண் வாசிக்கிறாள். எதிரே முகத்தில் அசைவே இல்லாத ஒரு சிறுமி. ஏழாவது வரியில் அந்தச் சிறுமி விரலைக் காட்டிவிட்டு ஓடுகிறாள். எட்டாவது வரியில், கொல்லையிலிருந்து ஓர் எறும்பு உள்ளே வந்து, “அம்மா, அடுத்த பக்கம் எப்ப?” என்று கேட்கிறது.

இம்முறை நான் எங்கும் ஓடவில்லை. புதிய தாள் முழுவதும் வெண்தூள். பழைய தாளின் வெறும் வட்டத்துக்குள்ளும் கொஞ்சம் விழுந்திருக்கிறது. எறும்புகள் வருவதற்குள் சிவப்புப் பேனாவைக் கண்டுபிடித்தாக வேண்டும்.